காலத்தை வளைத்த நூல்

போன பொழுது திரும்பி வருமா? வராது என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். ஆனால், மாயத் தறி ஒன்று இருந்து, நேற்றைய பொழுதைச் சுருக்குப் போட்டு இழுத்து இன்றைய துணியோடு சேர்த்து நெய்துவிடலாம் என்று வைத்துக்கொள்ளுங்கள். நீங்கள் எந்தப் பொழுதை இழுப்பீர்கள்? கல்யாணமான புதிதில் வந்த ஒரு மாலை வேளையையா? குழந்தை முதல் அடி எடுத்து வைத்த நிமிஷத்தையா? அல்லது, அடுப்பில் பால் பொங்கி வழிவதற்கு முந்திய அரை நிமிஷத்தையா? வாசகிகளில் பாதிப் பேர் கடைசியில் சொன்னதைத்தான் கேட்பீர்கள் என்று தோன்றுகிறது!

அப்படி ஒரு தறி எங்கும் கிடையாது. ஆனால் காலத்தை வளைத்துக் காட்டிய நூல்வேலை ஒன்று உண்டு. பெண்கள் கையில் வளர்ந்த வேலை. அதைத் தேடிக்கொண்டு தமிழ்நாட்டின் தென்கோடிக்கு, நாஞ்சில் நாட்டுக்கு ஒரு நடை போய் வருவோம், வாருங்கள்.

கணவாயைத் தாண்டி

திருநெல்வேலியில் பஸ் ஏறினால் வள்ளியூர், பணகுடி, காவல்கிணறு என்று ஊர்கள் வரும். வழி நெடுகிலும் வறண்ட நிலமும் உடைமரமுந்தான். ஆரல்வாய்மொழி நெருங்கியதும் இரண்டு மாறுதல்களை உணர்வீர்கள். முதலாவது காற்று. மலைகளுக்கு நடுவே உள்ள கணவாய் வழியாகப் புகுந்து வருகிற காற்று, ஜன்னலோரத்தில் உட்கார்ந்திருப்பவர்களின் தலைவாரலை ஒரே நொடியில் கலைத்துவிடும். இவ்வளவு காற்றை வீணாக்குவானேன் என்று முப்பந்தல் பக்கத்தில் நூற்றுக்கணக்கான காற்றாலைகளை நிறுத்தி மின்சாரம் எடுக்கிறார்கள். இரண்டாவது மாறுதல் பச்சை. கணவாயைத் தாண்டியதும் நாடகத்தில் திரை விலகினாற்போல் வயலும் குளமும், தென்னையும் வாழையும், பின்னால் நீல மலையும் தெரியும்.

நாஞ்சில் என்றால் கலப்பை. இந்த நாட்டுக்குப் பொருத்தமான பெயர்தான். 1956 நவம்பர் 1 வரை இந்தப் பிரதேசம் திருவாங்கூர்–கொச்சி ராஜ்யத்தில் இருந்தது. அன்றுதான் கன்னியாகுமரி மாவட்டமாகத் தமிழ்நாட்டோடு சேர்ந்தது. ஆகையால் பேச்சிலும் சாப்பாட்டிலும் இரண்டு பக்கத்து மணமும் கலந்திருக்கும்.

முதலில் வருவது தோவாளை. பூவுக்குப் பேர்போன ஊர். அரளி இதழ்களை மடித்து மடித்து, கற்கள் பதித்த நகையோ என்று சந்தேகப்படும்படி ‘மாணிக்க மாலை’ கட்டுகிறவர்கள் இங்கே இருக்கிறார்கள். அவர்கள் விரல்களைக் கவனியுங்கள். மடிப்பதும் வளைப்பதும் முடிவதும் இந்த மண்ணுக்கே கைவந்த கலையோ என்று தோன்றும். அடுத்து நாகர்கோவில். நாகராஜா கோயிலால் வந்த பெயர் என்று உங்களுக்குத் தெரிந்திருக்கும்.

நாகர்கோவிலுக்கும் குமரிமுனைக்கும் நடுவே சுசீந்திரம் இருக்கிறது. இந்த வழியில் காலத்தைப் பற்றியே ஒரு கதை சொல்வார்கள். குமரித் தெய்வத்துக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. நள்ளிரவில் முகூர்த்தம். மாப்பிள்ளையாகிய ஈசன் சுசீந்திரத்திலிருந்து புறப்பட்டுவிட்டார். ஆனால் பாணாசுரனை ஒரு கன்னிப் பெண்தான் கொல்ல முடியும். கல்யாணம் நடந்துவிட்டால் தேவர்கள் பாடு ஆபத்து. நாரதர் சேவலாக உருவெடுத்துக் கூவிவிட்டார். பொழுது விடிந்துவிட்டது, முகூர்த்தம் தவறிவிட்டது என்று நினைத்து மாப்பிள்ளை திரும்பிப் போய்விட்டார். கல்யாணத்துக்கு வைத்திருந்த அரிசியும் பருப்பும் மணலாகிவிட்டனவாம். குமரிக் கரையில் பல நிறத்தில் மணல் கிடப்பதற்கு இதுதான் காரணமாம்.

புராணக் கதைதான். என்றாலும் ஒரு விஷயத்தைக் கவனித்தீர்களா? அந்தப் பெண்ணின் பொழுதை மற்றவர்கள் எல்லோரும் சேர்ந்து தீர்மானித்தார்கள். அவளை ஒருவரும் கேட்கவில்லை. இதை மனத்தில் முடிந்து வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தேவைப்படும்.

நேராக ஓடும் நூல்

நாகர்கோவிலின் ஒரு பகுதியான வடசேரி, கைத்தறி நெசவுக்குப் பெயர் பெற்றது. திருவாங்கூர் மன்னர் பலராம வர்மா ஆண்ட காலத்தில் (1798–1810) தென் தமிழ்ப் பகுதிகளிலிருந்து சாலியர் குடும்பங்களைக் கொண்டுபோய்த் திருவனந்தபுரத்துக்கு அருகே குடியேற்றினார்கள். அங்கே வளர்ந்ததுதான் இன்று பேர் சொல்லும் பாலராமபுரம் நெசவு. அந்தத் துணியில் உட்புறம் எது, வெளிப்புறம் எது என்று கண்டுபிடிப்பது கஷ்டம். இரண்டு பக்கமும் ஒன்றுபோல் இருக்கும்.

குழித்தறியை நீங்கள் பார்த்திருக்கலாம். நெசவாளி தரையில் வெட்டிய குழியில் காலைத் தொங்கவிட்டு உட்கார்ந்திருப்பார். மிதியை மிதித்ததும் பாவு இரண்டாகப் பிரியும். நடுவே நாடா ஓடும். ஓடிய ஊடையை அச்சு வந்து தட்டி நெருக்கும். மறுபடி மிதி, மறுபடி நாடா. நெய்த துணி முன்னால் சுருண்டுகொண்டே வரும். பாவு எதிரே குறைந்துகொண்டே போகும். பாவு தீர்ந்தால் துணியும் முடிந்தது. நம் ஆயுளைப் போலத்தான். ஒரே திசையில் ஓட்டம், திரும்புவது கிடையாது.

நாம் தேடி வந்த நூல்வேலை இது அல்ல. அதில் நூல் வட்டமடிக்கும். அதற்குத் தறியே கிடையாது.

தலையணைமேல் ஒரு கோலம்

தையற்கடைக்காரர் ‘லேஸ்’ என்று சொல்கிறாரே, அதற்குத் தென் தமிழ்நாட்டில் பழைய பெயர் ரேந்தை. ‘ரெண்டா’ என்ற போர்த்துக்கீசியச் சொல்லிலிருந்து வந்தது. ஜன்னலும் அலமாரியும் சாவியும் எந்தக் கப்பலில் வந்து இறங்கினவோ, அதே கப்பலில் வந்த சொல்தான் இதுவும்.

ரேந்தையில் பல வகை உண்டு. ஊசியால் செய்வது ஒன்று, கொக்கி ஊசியால் பின்னுகிற குரோஷே ஒன்று. நாகர்கோவிலில் பெயர் பெற்றது தலையணை ரேந்தை. அதற்கு நான்கே சாமான்கள். உள்ளே இறுகத் திணித்த கெட்டியான தலையணை ஒன்று. கோலத்தைப் புள்ளி புள்ளியாக ஓட்டை குத்திய தடித்த அட்டை ஒன்று. கொஞ்சம் குண்டூசிகள். நூல் சுற்றிய சின்னஞ்சிறு கட்டைகள். இவற்றைப் ‘பாபின்’ என்பார்கள். கட்டைகள் மட்டும் டஜன் கணக்கில் வேண்டும். அகலமான வேலையானால் நூற்றுக்கும் மேலே போய்விடும்.

இதைப் புரிந்துகொள்ள உங்களுக்கு வாத்தியார் தேவையில்லை. மார்கழி மாதத்தில் வாசலில் சிக்குக் கோலம் போடுகிறீர்களே, அதேதான்! முதலில் புள்ளி வைக்கிறோம். பிறகு கம்பி ஒவ்வொரு புள்ளியையும் சுற்றிக்கொண்டு போகிறது. இங்கே புள்ளிக்குப் பதில் குண்டூசி. கம்பிக்குப் பதில் நூல். கை செய்ய வேண்டிய காரியங்கள் இரண்டே இரண்டு. நான்கு நூல்களை இரண்டு ஜோடியாகப் பிடித்துக்கொண்டு, நடுவில் இருக்கும் இரண்டையும் ஒன்றின்மேல் ஒன்றாக மாற்றுவது முதல் காரியம். ஒவ்வொரு ஜோடியையும் தனக்குள்ளே ஒரு முறுக்கு முறுக்குவது இரண்டாவது. மாற்று, முறுக்கு; குண்டூசியைக் குத்து; மறுபடி மாற்று, முறுக்கு. சடை பின்னத் தெரிந்த கைக்கு இது எட்டாத வித்தையல்ல. பூவும் இலையும் கொடியும் வலையும் எல்லாம் இந்த இரண்டுக்குள்ளிருந்தே பிறக்கின்றன.

இனித்தான் வேடிக்கை. உருளையான தலையணையில் அந்த அட்டையைச் சுற்றிலும் ஒட்டி வைப்பார்கள். அட்டையின் முடிவு அதன் ஆரம்பத்தோடு போய்ச் சேர்ந்துகொள்ளும். பின்னிக்கொண்டே போகிறவள் கோலத்தின் கடைசிப் புள்ளிக்கு வருகிறாள். அடுத்த புள்ளி எது? முதல் புள்ளி! நேற்றுக் காலையில் குண்டூசி குத்திய அதே ஓட்டையில் இன்று மறுபடி குத்துகிறாள். அதே வளைவு, அதே திருப்பம். நூல் மட்டும் புதிது. பின்னி முடிந்த ரேந்தை ஒரு பக்கம் நீண்டுகொண்டே போகிறது. அவளோ புறப்பட்ட இடத்துக்கே திரும்பத் திரும்ப வந்துகொண்டிருக்கிறாள்.

இன்னொரு வட்டமும் உண்டு. அட்டை பழசாகிக் கிழிந்துபோனால் என்ன செய்வது? பழைய அட்டையைப் புதிய அட்டையின்மேல் வைத்து, ஒவ்வொரு ஓட்டை வழியாகவும் ஊசியை இறக்கினால் புதிய அட்டை தயார். பாட்டி குத்திய ஓட்டை வழியே பேத்தியின் ஊசி இறங்குகிறது. பாட்டியின் கை எந்த இடத்தில் திரும்பியதோ அந்த இடத்தில்தான் பேத்தியின் கையும் திரும்பியாக வேண்டும். எழுத்தில் இல்லை, சொல்லிலும் இல்லை. ஓட்டைகளிலேயே ஒரு கையின் அசைவு தலைமுறை தாண்டி வருகிறது. மாயத் தறி இதைவிட அதிகமாக என்ன செய்துவிடும், சொல்லுங்கள்?

1821

இந்த வேலை நாஞ்சில் நாட்டுக்கு வந்த கதையில் ஒரு விசித்திரம் இருக்கிறது. 1809-ல் ஜான் ஹீத்கோட் என்பவர் இங்கிலாந்தில் ரேந்தை வலையைப் பின்னும் இயந்திரம் ஒன்றுக்குக் காப்புரிமை வாங்கினார். கைப்பின்னல்காரர்களின் பிழைப்பில் மண் விழத் தொடங்கியது. 1816-ல் இயந்திர எதிர்ப்பாளர்கள் லஃப்பரோவிலிருந்த அவருடைய தொழிற்சாலையில் புகுந்து இயந்திரங்களை நொறுக்கினார்கள். அவர் ஊரை விட்டே போய் டிவர்ட்டனில் வேறு தொழிற்சாலை வைத்தார். இப்படி இங்கிலாந்தில் கைரேந்தை நொடித்துக்கொண்டிருந்த சமயத்தில், அது கடல் கடந்து நாகர்கோவிலில் காலெடுத்து வைத்தது.

லண்டன் மிஷனரி சங்கத்தைச் சேர்ந்த ரிங்கல்தௌபே 1806-ல் மயிலாடிக்கு வந்தார். 1818-ல் சார்லஸ் மீட் வந்தார். 1819-ன் கடைசியில் சார்லஸ் மால்ட், அவர் மனைவி மார்த்தா மால்ட் தம்பதிகள் நாகர்கோவிலுக்கு வந்து சேர்ந்தார்கள். மார்த்தா அம்மையார் பெண் குழந்தைகளுக்குத் தங்கிப் படிக்கும் பள்ளிக்கூடம் நடத்தத் தொடங்கினார். பெண் படித்தால் குடும்பம் கெட்டுப்போகும் என்று பலர் நினைத்த காலம் அது. அதிலும் ஏழைப் பெண்கள், வயல் வேலை செய்கிறவர்களின் பிள்ளைகள்! ‘இவள் இங்கே உட்கார்ந்து எழுத்துப் படித்தால் வீட்டில் கஞ்சி யார் காய்ச்சுவது?’ என்று பெற்றோர் கேட்டால் அதற்குப் பதில் சொல்லியாக வேண்டுமே!

மார்த்தா அம்மையார் கண்டுபிடித்த பதில் ரேந்தை. 1821-ல் பள்ளிக்கூடத்தில் தலையணையும் பாபினும் வந்தன. படிப்போடு கூடப் பின்னலும் கற்றுக்கொடுத்தார்கள். பின்னியதை இந்தியாவிலிருந்த ஐரோப்பியக் குடும்பங்களும் இங்கிலாந்தில் இருந்தவர்களும் வாங்கினார்கள். அந்தப் பணத்தில் பள்ளிக்கூடம் நடந்தது. பின்னிய பெண் கையிலும் காசு சேர்ந்தது.

யாருடைய நேரம்?

‘காசு சேர்ந்தது’ என்று சுலபமாகச் சொல்லிவிட்டேன். அந்தக் காசு என்ன வாங்கியது என்பதை நின்று நிதானமாகப் பார்க்க வேண்டும்.

அப்போது திருவாங்கூரில் அடிமை முறை சட்டப்படியே இருந்தது. நாம் இப்போது பஸ்ஸில் பார்த்து ரசித்துக்கொண்டு வந்தோமே, இந்தப் பச்சை வயல்கள், இவற்றில் உழுது நட்டு அறுத்தவர்களில் பலர் அடிமைகள். வயலோடு சேர்த்தும் அவர்களை விற்கலாம்; வயல் இல்லாமலும் விற்கலாம். அடகு வைக்கலாம்; குத்தகைக்கு விடலாம். அப்படிப்பட்டவளின் பொழுது யாருடையது? விடிந்தால் எழுந்திருப்பதும், இருட்டினால் படுப்பதும், பிள்ளை பெறுவதும், அந்தப் பிள்ளையும் அடிமையாக வளருவதும், எல்லாமே இன்னொருவர் கணக்கில் எழுதியிருந்தன. அவளுடைய நேற்றும் அவளுடையது அல்ல. அவளுடைய நாளையும் அவளுடையது அல்ல.

அத்தகைய பெண்களும் அந்தப் பள்ளிக்கூடத்துக்கு வந்து ரேந்தை பின்னினார்கள். பின்னிச் சேர்த்த பணத்தை எஜமானுக்கு விலையாகக் கொடுத்து, தம்மைத் தாமே மீட்டுக்கொண்ட பெண்கள் உண்டு என்று மிஷன் பதிவுகள் கூறுகின்றன. அகலமான ரேந்தையானால் நாள் முழுவதும் குனிந்து உட்கார்ந்தாலும் சில அங்குலந்தான் நகரும். அங்குலம் அங்குலமாகப் பின்னி, ஒரு மனுஷியின் விலையைச் சேர்ப்பதென்றால் எத்தனை முறை அந்தத் தலையணையைச் சுற்றி வந்திருப்பாள்! எத்தனை முறை முதல் புள்ளியிலிருந்து மறுபடி தொடங்கியிருப்பாள்! ஆனால் ஒவ்வொரு சுற்றிலும் அவளுடைய வாழ்நாளில் ஒரு துண்டு அவளுக்கே சொந்தமாகிக்கொண்டு வந்தது.

காலத்தை வளைப்பது என்று சொன்னேனே, அது இதுதான். இன்னொருவருக்குச் சேர வேண்டியிருந்த நாட்களை ஒரு நூலால் சுருக்குப் போட்டுத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள் அவள்.

1847-ல் மிஷனரிகள் அடிமை முறையை ஒழிக்கக் கோரி மகாராஜாவுக்கு விண்ணப்பம் போட்டார்கள். 1853-ல் ஓரளவும், 1855-ல் முழுமையாகவும் அடிமைகளுக்கு விடுதலை கொடுத்து அரசாணை வந்தது. ரேந்தை பின்னிய அந்தப் பெண்கள் சிலர் அரசாணைக்குக் காத்திருக்கவில்லை. முன்னாலேயே விடுதலை வாங்கிவிட்டார்கள்.

கதை இதோடு முடிந்திருந்தால் சந்தோஷமாக வீடு திரும்பலாம். முடியவில்லை. அந்தக் காலத்தில் இந்தச் சீமையில் நாடார் முதலான பல சாதிப் பெண்கள் தோளை மூடிச் சீலை போடக் கூடாது என்று தடை இருந்தது. கிறிஸ்தவர்களான நாடார் பெண்கள் குப்பாயம் என்ற சட்டை போட்டுக்கொள்ளலாம் என்று 1814-ல் அனுமதி கிடைத்தது. ஆனால் தோள்சீலைக்குத் தடை நீங்கவில்லை. 1829-ல் வந்த அரசாணையும் அதையே உறுதிப்படுத்தியது. துரைசானிகளின் கவுன் ஓரத்துக்கு ரேந்தை பின்னிக்கொடுத்த ஊரில், பின்னியவளின் இனத்துப் பெண் தன் தோளில் ஒரு முழம் துணியை இஷ்டப்படி போட முடியவில்லை! சந்தையிலும் வழியிலும் சீலைகளைப் பிடித்துக் கிழித்தார்கள். 1858-லும் 1859-லும் கலகமே மூண்டது. 1859 ஜூலை 26-ல்தான் நாடார் பெண்கள் எல்லோரும் மேலே துணி போட்டுக்கொள்ளலாம் என்று அரசாணை பிறந்தது. அப்போதும் உயர்ந்த சாதியார் என்று சொல்லப்பட்டவர்களைப் போல் போடக் கூடாது என்று ஒரு வால் சேர்த்துத்தான் கொடுத்தார்கள்.

இதையெல்லாம் படிக்கும்போது, அலமாரியைத் திறந்து எந்தப் புடவையைக் கட்டலாம் என்று கால் மணி நேரம் யோசிக்கிறோமே, அந்தக் கால் மணி நேரம் எவ்வளவு பெரிய சொத்து என்று தோன்றுகிறதல்லவா?

நூல் போன வழி

மால்ட் தம்பதிகளின் மகள் எலைசா நாகர்கோவிலில் வளர்ந்தவர். தமிழ் அவருக்கு வீட்டு மொழி மாதிரி. 1844-ல் அவருக்கும் ராபர்ட் கால்டுவெல்லுக்கும் நாகர்கோவிலில் கல்யாணம் நடந்தது. ஆமாம், 1856-ல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை வெளியிட்டாரே, அதே கால்டுவெல்தான். கணவர் சொற்களைப் பிரித்துப் பிரித்து ஆராய்ந்துகொண்டிருக்க, மனைவி திருநெல்வேலிச் சீமையின் இடையன்குடியில் பெண்களுக்கு எழுத்தும் ரேந்தையும் கற்றுக்கொடுத்தார். பனையைத் தவிர வேறு துணை இல்லாத மணற்காட்டில் இன்னொரு தலையணையும் இன்னொரு அட்டையும் சுற்ற ஆரம்பித்தன. அம்மா குத்திய ஓட்டை, மகளின் ஊசி!

நாகர்கோவிலிலிருந்து மேற்கே தக்கலையைத் தாண்டி மார்த்தாண்டம் போகும் வழியில் முளகுமூடு இருக்கிறது. 1897-ல் பெல்ஜியத்திலிருந்து மரி லூயிஸ் தெ மீஸ்தர் என்ற கன்னிகை இந்தச் சிற்றூருக்கு வந்து, அனாதைக் குழந்தைகளைப் பராமரிக்கும் வேலையை மேற்கொண்டார். அவர் தொடங்கிய சபை இன்று பல தேசங்களில் பரவியிருக்கிறது. பெல்ஜியம் ரேந்தைக்குத் தாய்வீடு போன்ற தேசம். முளகுமூட்டுக் கன்னியர் மடத்திலும் ரேந்தையும் பூத்தையலும் பெண்களுக்குப் பிழைப்பாயின.

பிற்பாடு மடங்களையும் பள்ளிகளையும் விட்டு வேலை வீடுகளுக்குப் பரவியது. அங்கேதான் ஒரு சிக்கல் விழுந்தது. பள்ளிக்கூடத்தில் உட்கார்ந்து பின்னினால் அது வேலை. வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பின்னினால் அதற்குப் பெயர் ‘ஓய்வு நேரப் பொழுதுபோக்கு’! சமைத்து, துவைத்து, பிள்ளைகளைத் தூங்கப் பண்ணிவிட்டு, கண் எரிய விளக்கடியில் குனிந்திருக்கிறாள். அது ஓய்வாம்! ஓய்வுக்குக் கூலி எதற்கு என்று விலையைக் குறைப்பதும் எளிதாகிவிடுகிறது.

இது நாஞ்சில் நாட்டுக்கு மட்டும் நேர்ந்ததல்ல. ஆந்திரத்தில் கோதாவரிக் கரையில் நரசாப்பூர் என்று ஓர் ஊர். அங்கேயும் மிஷனரிகள் வழியாக வந்த வேலைதான். ஆனால் தலையணை கிடையாது, குரோஷேப் பின்னல். மரியா மீஸ் என்ற ஜெர்மன் சமூகவியல் அறிஞர் அந்த ஊர்ப் பெண்களைப் பற்றி ஆராய்ந்து 1982-ல் ஒரு புத்தகம் வெளியிட்டார். அவர்கள் பின்னியது உலகச் சந்தைக்குப் போனது, வியாபாரிகள் செழித்தார்கள். பின்னியவர்களை மட்டும் தொழிலாளிகள் என்று யாரும் சொல்லவில்லை. வீட்டில் சும்மா இருக்கும் பெண்கள் என்றே எண்ணினார்கள். ‘சும்மா இருக்கிறாள்’ என்ற சொல் நம் வீடுகளிலும் எவ்வளவு சகஜம்!

பாருங்கள், அதே நூல்தான். ஒரு காலத்தில் பெண்ணின் பொழுதை அவளுக்கே மீட்டுக்கொடுத்தது. இன்னொரு காலத்தில் அவளுடைய பொழுதை யாருக்கும் தெரியாமல் உறிஞ்சியது. வேற்றுமை நூலில் இல்லை, கோலத்திலும் இல்லை. அவள் செலவழித்த மணி நேரத்தை யாராவது எண்ணினார்களா, அதற்கு விலை கொடுத்தார்களா என்பதில் இருக்கிறது.

இன்று கைரேந்தை அருகிவிட்டது. இயந்திரம் கஜக் கணக்கில் துப்புகிறது. ஜவுளிக்கடையில் சல்லிசாகக் கிடைக்கிறது. ஹீத்கோட்டின் இயந்திரம் இரண்டு நூற்றாண்டு கழித்து நம் ஊருக்கும் வந்து சேர்ந்துவிட்டது என்று சொல்லலாம். ஆனால் எல்லா இடத்திலும் கைகள் தோற்றுவிடவில்லை. ஐரோப்பாவில் ஸ்லோவேனியா என்ற சிறு தேசத்தில் தலையணை ரேந்தையைப் பள்ளிகளில் கற்பிக்கிறார்கள். 2018-ல் யுனெஸ்கோ அதை மனித குலத்தின் பண்பாட்டுச் செல்வங்களில் ஒன்றாகப் பட்டியலில் சேர்த்தது. அந்தத் தேசத்துப் பாட்டிமார்களின் கைக்கு எந்தக் கைக்கும் இளைத்ததல்ல நாகர்கோவில் பெண்களின் கை.

போகிறவர்களுக்கு

குமரிமுனைக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் சூரியோதயம் பார்த்து, சங்கு மாலை வாங்கிக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். அடுத்த தடவை போகும்போது நாகர்கோவிலுக்கு ஒரு பகலை ஒதுக்குங்கள். நாகராஜா கோயிலைப் பாருங்கள். மிஷன் காலத்துக் கற்கோயிலையும் பாருங்கள். வடசேரித் தெருவில் தறிச் சத்தம் கேட்டால் ஒரு நிமிஷம் நில்லுங்கள். பொழுதிருந்தால் முளகுமூடு வரை போய் வாருங்கள். எங்கேயாவது கையால் பின்னிய ரேந்தையைக் கண்டால், ‘என்ன விலை?’ என்று கேட்பதற்கு முன்னால், ‘இதற்கு எத்தனை நாள் ஆயிற்று?’ என்று கேளுங்கள். பதிலைக் கேட்ட பிறகு பேரம் பேச வாய் வராது.

கைவேலையையும் இயந்திர வேலையையும் பிரித்துப் பார்ப்பது பெரிய வித்தையல்ல. ஒவ்வொரு கண்ணும் அச்சில் வார்த்தாற்போல் ஒரே அளவாக முழத்துக்கு முழம் போய்க்கொண்டே இருந்தால் அது இயந்திரம். கைவேலையில் எங்கேயாவது ஓர் இடத்தில் பிடி தளர்ந்திருக்கும். ஓர் இடத்தில் இறுகியிருக்கும்.

உங்கள் வீட்டுப் பழைய டிரங்குப் பெட்டியிலும் ஒரு துண்டு இருக்கலாம். பாட்டியின் ரவிக்கை ஓரத்திலோ, மஞ்சள் பாரித்த தலையணை உறையிலோ தேடிப் பாருங்கள். கிடைத்தால் வெந்நீரில் போட்டுக் கசக்காதீர்கள், முறுக்கிப் பிழியாதீர்கள். குளிர்ந்த நீரில் அலசி, ஒரு துண்டின்மேல் பரப்பி நிழலில் உலர்த்துங்கள். உலர்ந்ததும் வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடித்துப் பாருங்கள். வரிசையாக வருகிற கண்களில் ஒன்று மட்டும் சற்றுப் பெரிதாக இருக்கும். அந்த இடத்தில் பின்னியவள் தலை நிமிர்ந்து பார்த்திருக்கிறாள். குழந்தை அழுதிருக்கலாம், விளக்கில் எண்ணெய் தீர்ந்திருக்கலாம், வாசலில் யாரோ பெயர் சொல்லிக் கூப்பிட்டிருக்கலாம். அந்த ஒரு நிமிஷம் அவளுடையது. நூலில் அப்படியே இருக்கிறது.